கோமதியின் தூர்ந்த காது

1

எனக்குக் கோர்வையாக எழுத வராது. ஏரலில் ஐந்தாம் வகுப்பு வரைக்கும் படித்தேன். அதற்கு அப்புறம் பேனாவைத் தொட்டது மளிகைச் சாமான் எழுதத்தான். முன்னால் சொல்ல வேண்டியதைப் பின்னால் சொல்லியிருப்பேன், வருஷம் மாறியிருக்கும், சில பெயர் அடியோடு மறந்து போயிருக்கும். வாசிக்கிறவர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது. கல்யாண வீட்டுக்குப் போனால்கூட அடுக்களைப் பக்கம் நின்று நாலு வாழைக்காய் நறுக்கிக் கொடுத்துவிட்டு வந்துவிடுகிறவள் நான். கூட்டத்தில் வாய் திறந்து பழக்கமில்லை. தம்பி மகன் ஆறுமுகம்தான், நம் ஊர்ச் சங்கத்து மலரில் கொழும்பிலிருக்கும் ஆம்பிளைகள் எல்லாரும் வியாபாரத்தைப் பற்றியே எழுதுகிறார்கள், அத்தை, நீங்கள் வீட்டைப் பற்றி எழுதுங்கள் என்று கேட்டிருந்தான். அவன் கேட்டால் எனக்கு மறுக்க முடியாது.

தூத்துக்குடியில் கப்பல் ஏறிக் கொழும்புக்கு வரும்போது நான் கல்யாணமாகி ஆறு மாதப் பெண். இப்போது தலை முழுக்க நரைத்துவிட்டது. அன்று முதல் இன்று வரை கொட்டாஞ்சேனைதான். அவர் புறக்கோட்டையில் அரிசிக் கிட்டங்கியில், மூட்டை அடுக்கும் கிடங்கில், கணக்குப்பிள்ளையாக இருந்தார். ஜப்பான்காரன் கொழும்பில் குண்டு போட்ட யுத்தத்துக்கு முன்பே போய்ச் சேர்ந்துவிட்டார். இப்போது மகள் கோமதி வீட்டில் இருக்கிறேன். மாப்பிள்ளைக்கு ஹார்பரில் வேலை. அவர்களுக்கு ஒரே பிள்ளை, லீலா. என் மகன் சண்முகம் கோமதிக்கு இளையவன், அப்பா இருந்த அதே கிட்டங்கியில் இருக்கிறான், இன்னும் கல்யாணம் முடியவில்லை.

என் காதைப் பற்றியும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், பின்னால் வேண்டியிருக்கும். நம் ஊரில் என் வயதுக்காரிகள் எல்லாருக்கும் இருக்கிற காதுதான் எனக்கும். சின்னதிலேயே குத்தி, கனத்துக்கு ஈயக் குணுக்குப் போட்டுத் தொங்க வளர்த்து, பாம்படம் போட்ட காது. ஊரில் யாரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள். இங்கே ட்ராமில் ஏறினால் ஆள் மாற்றி ஆள் பார்ப்பார்கள். அவர் போன பிறகு பாம்படத்தைக் கழற்றிவிட்டேன். இப்போது வெறும் காது தோளில் கிடக்கிறது.

2

யுத்தம் முடிந்தும் இங்கே அரிசி கூப்பனில்தான். போன வருஷக் கடைசியில் ஒருநாள் கோமதியும் லீலாவும் நானும் கூப்பன் கடையில் வரிசையில் நின்றோம். கூட்டம் கூடுதல் என்று நம்பர் துண்டு கொடுத்திருந்தார்கள். உள்ளே இருந்த கிளார்க் எழும்பிப் பார்க்காமலே இங்கிலீஷில் கூப்பிட்டார், "ட்வென்ட்டி செவன்!"

கோமதி சட்டென்று நிமிர்ந்து, இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு, கணீரென்று சொன்னாள்: "பிரசன்ட், சிஸ்டர்!"

வரிசை முழுக்கச் சிரித்தது. கிளார்க்குக்குப் பெரிய மீசை. அதைத் தடவிக்கொண்டு, "நோனா, மம சிஸ்டர் நெமெய்" என்றார். சிங்களத்தில், நான் சிஸ்டர் இல்லை அம்மா என்று அர்த்தம். மறுபடியும் சிரிப்பு. கோமதி முகத்தில் ஒன்றுமில்லை. அரிசியை வாங்கி, பையை மடித்து, "தேங்க் யூ" என்று சொல்லி வெளியே வந்தாள்.

"மம்மி, சிஸ்டர்னா யாரு?" என்று லீலா கேட்டாள்.

"யாருமில்லை. ரோட்டைப் பார்த்து நட."

இருபத்தேழு அவளுக்குப் பள்ளிக்கூடத்தில் கொடுத்த நம்பர். சட்டை, போர்வை, துவாலை எல்லாவற்றிலும் சிவப்பு நூலால் அதைத் தைத்திருப்பார்கள். விட்டு வந்து இத்தனை காலமாகியும் அந்த நம்பரைக் கூப்பிட்டால் எழும்பி நிற்கிறாள்.

அன்று சாயங்காலம் வண்டிக்காரன் ஒரு தகரப் பெட்டியைக் கொண்டுவந்து இறக்கினான். புதுசு, பச்சைப் பெயின்ட் வாசம் போகவில்லை. மூடியில் வெள்ளை எழுத்தில் லீலாவின் பெயர். தை பிறக்கும் முன்பே, ஏழு வயதில், அவளையும் அதே பள்ளிக்கு, அதே போர்டிங்குக்கு அனுப்புவதாகக் கோமதி முடிவு செய்திருந்தாள். எனக்கு அன்றைக்குத்தான் தெரியும்.

3

அந்தப் பள்ளியின் பெயர் வேண்டாம். இன்றும் நடக்கிறது, நல்லவர்களும் அங்கே இருந்தார்கள். மலைப்பக்கம், ரயிலில் அரை நாள் போகிற தூரம். கன்னியாஸ்திரிகள் நடத்துகிறது.

கோமதியை அங்கே விட்டதில் யாருக்கும் கெட்ட எண்ணம் இல்லை. முதலாளி வீட்டுப் பெண்கள் அங்கே படித்தார்கள். நம் பெண்ணும் இங்கிலீஷ் படித்தால் நம்மைப் போல் கிட்டங்கி வாசலில் நிற்க வேண்டாம் என்று என் வீட்டுக்காரர் நினைத்தார். நானும் ஆமாம் என்றேன். அவளுக்கு அப்போது ஏழு வயது. அங்கே பெயரை மாற்றிக் கோமதியைக் கிரேஸ் ஆக்கினார்கள். அவள் எழுத்து இன்றைக்கும் அச்சடித்த மாதிரி இருக்கும். எனக்கு விஷக் காய்ச்சல் வந்தபோது அவள் என்னைப் பார்த்துக்கொண்ட நேர்த்தி எந்த நர்சுக்கும் வராது. அதையும் சொல்லத்தான் வேண்டும்.

மாதத்தில் முதல் ஞாயிறு பார்க்கப் போகலாம். ஒரு பெரிய அறையில் பெஞ்சு போட்டிருக்கும். ஒரு சிஸ்டர் மூலையில் உட்கார்ந்து பின்னிக்கொண்டிருப்பார். அங்கே இங்கிலீஷில்தான் பேச வேண்டும் என்பது சட்டம். எனக்கு இங்கிலீஷ் தெரியாது. அவளுக்குத் தமிழ் பேச அனுமதியில்லை. அதனால் நான் ஆரஞ்சுப் பழத்தை உரித்து உரித்துக் கொடுப்பேன், அவள் சாப்பிடுவாள். மணி அடித்ததும் எழும்பிவிடுவாள். ஒரே ஒரு தடவை, சிஸ்டர் எழும்பிக் கதவுப் பக்கம் போன நேரம், என் காதோரம் குனிந்து ரகசியமாகத் தமிழில் சொன்னாள்: "அம்மா, அடுத்த தடவை வரும்போது முந்தானையால காதை மூடிக்கிட்டு வாங்க. பிள்ளைகள் எல்லாம் பாக்குதுகள்."

அடுத்த மாதத்திலிருந்து மூடிக்கொண்டுதான் போனேன்.

அவளும் கம்மலோடு போனவள்தான். தொங்கக் காது வளர்க்கும் காலம் போய்விட்டது என்று சின்னக் கம்மல் போடுகிற அளவுக்குத்தான் குத்தியிருந்தோம். நகை தொலையும் என்று பள்ளியில் கழற்றிக் கையில் கொடுத்துவிட்டார்கள். சரி, பொன்தானே கூடாது, குச்சிக்கு என்ன? முதல் லீவுக்கு அவள் வந்ததும் தென்னை ஈர்க்கைச் சின்னத் துண்டாக நறுக்கி, முனையைத் தேய்த்து, தேங்காயெண்ணெயில் தோய்த்து, இரண்டு காதிலும் போட்டுவிட்டேன். துவாரம் தூர்ந்து போகாமல் இருக்க ஏழை வீட்டுப் பிள்ளைகளுக்கு நம் ஊரில் செய்கிறதுதான். அடுத்த லீவுக்கு வந்தபோது குச்சி இல்லை. மறுபடியும் போட்டேன். அதற்கடுத்த லீவிலும் இல்லை. அந்த சிஸ்டர்கள் பிடுங்கிப் போட்டுவிடுகிறார்கள் என்று இவரிடம் சொல்லிச் சொல்லித் திட்டினேன். கோமதி ஒன்றும் பேசாமல் தலையைச் சாய்த்துக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். கடைசியில் ஒரு லீவில் குச்சி உள்ளே போகவில்லை. காது தூர்ந்துவிட்டது.

அவள் கடிதமும் இங்கிலீஷில்தான் வரும். கிட்டங்கியில் இருந்த ஒரு கிளார்க் பையன் வந்து வாசித்துத் தமிழில் சொல்லுவான். "அம்மா ஞாபகமாவே இருக்கு, அம்மா வைக்கிற சொதி சாப்பிடணும் போல இருக்குன்னு எழுதியிருக்கா" என்பான். எனக்கு வயிறு குளிரும். வெகுகாலம் கழித்துச் சண்முகம் அந்தக் கடிதங்களை எடுத்து வாசித்துப் பார்த்துவிட்டு, இதில் சொதியே இல்லையே அம்மா என்றான். அந்தப் புண்ணியவான் தானாகச் சேர்த்துச் சொன்னதாம். எங்கிருந்தாலும் நன்றாக இருக்கட்டும்.

4

கல்யாணம் பேசியபோது காதுக்கு என்ன செய்வது என்று வந்தது. ஆசாரியை வரவழைத்தோம். அவர் ஊசியை எடுத்ததும் கோமதி அறை மூலைக்குப் போய்ச் சுவரைப் பார்த்து நின்றுகொண்டு இரண்டு காதையும் கையால் பொத்திக்கொண்டாள். அழவில்லை, கத்தவில்லை. கூப்பிட்டால் வரவுமில்லை. அவ்வளவு பெரிய பெண்ணை யார் பிடித்து இழுப்பது?

கம்மல் இல்லாமல் மணவறையில் உட்கார வைத்தால் மாப்பிள்ளை வீட்டார் என்ன சொல்லுவார்கள்? கடைசியில் ஆசாரியே ஒரு வழி சொன்னார். கம்மலின் தண்டை எடுத்துவிட்டு, பின்புறம் தேன்மெழுகை வைத்துக் காதில் ஒட்டிவிட்டார். பார்த்தால் தெரியவே தெரியாது. ஆனால் ஓமம் வளர்ப்பார்கள் என்பதை அவரும் யோசிக்கவில்லை, நாங்களும் யோசிக்கவில்லை. நெருப்புச் சூட்டில் மெழுகு இளகி, தாலி கட்டுகிற நேரம் பார்த்து ஒரு கம்மல் நழுவி மாப்பிள்ளை மடியில் விழுந்தது. மாப்பிள்ளை அதை எடுத்துப் பார்த்தார், மெழுகைப் பார்த்தார், ஒன்றும் நடக்காதது மாதிரி வேட்டி மடிப்பில் செருகிக்கொண்டு தாலியைக் கட்டினார். அன்றைக்கே எனக்கு அவர்மேல் மதிப்பு வந்துவிட்டது.

5

கோமதி பொல்லாதவள் என்று யாரும் நினைத்துவிடக் கூடாது. லீலாவை அவள் ஒரு அடி அடித்ததில்லை. நகம் வெட்டி, தலை வாரி, சட்டை இஸ்திரி போட்டு, அந்தப் பிள்ளை பூப்போல இருக்கும். ஆனால் வீட்டில் ஒரு பித்தளை மணி உண்டு. சாப்பாட்டுக்கு அதை அடிப்பாள். சாப்பிடும்போது பேசக் கூடாது. விளக்கு வைத்ததும் படுக்கை, போர்வைக்கு மேலே கை தெரிய வேண்டும். பிள்ளை விழுந்து அழுதால் தூக்க மாட்டாள். பக்கத்தில் நின்று, அழுது முடியட்டும் என்று காத்திருப்பாள். முடிந்ததும் முகத்தைத் துடைத்துவிடுவாள். நான் தூக்கப் போனால், "வேணாம்மா, தானா நிப்பாட்டிடுவா" என்பாள். லீலாவும் தானாகத்தான் நிப்பாட்டிவிடும். எனக்குத்தான் அடுக்களையில் நிற்க முடியாது.

இன்னொன்று சொன்னால் சிரிப்பீர்கள். கொல்லைப்புறம் போக வேண்டுமென்றால் இந்த வீட்டுக்காரி, ஒரு பிள்ளைக்குத் தாய், என்னிடம் வந்து நின்று, "அம்மா, வெளியே போகட்டுமா?" என்று கேட்பாள். "உன் வீட்டுல உனக்கு எதுக்குட்டி உத்தரவு?" என்பேன். நாளைக்கும் கேட்பாள்.

பெட்டி வந்த மறுநாள், லீலா பக்கத்து வீட்டில் விளையாடப் போயிருந்த நேரம், கோமதி சிவப்பு நூலை ஊசியில் கோத்துக்கொண்டிருந்தாள். எனக்கு மனசு கேட்கவில்லை. அவளிடம் எதையும் எதிர்த்துக் கேட்டு எனக்குப் பழக்கமில்லை, இருந்தாலும் கேட்டுவிட்டேன்.

"ஏட்டி, அந்தப் பிள்ளைய ஏன் அனுப்புதே? அங்க நீ சந்தோஷமாவா இருந்தே?"

"கஷ்டம்னு சொல்ல முடியாதும்மா. சாப்பாடு தந்தாங்க. படிப்பு தந்தாங்க."

"அத நான் கேக்கல."

அவள் நூலில் முடிச்சுப் போட்டாள். பல்லால் கடித்து அறுத்தாள். அப்புறம்தான் சொன்னாள். "ஏழு வயசுக்கு மேல ஒரு பிள்ளைய வீட்டிலே வச்சு என்ன செய்யணும்னு எனக்குத் தெரியாதும்மா. இதுவரைக்கும் எப்படியோ பார்த்துட்டேன். இதுக்கு மேல நான் பார்த்ததே இல்லை. பிழையா வளத்துட்டேன்னா? அங்கே அவங்களுக்குத் தெரியும்."

சண்முகத்தை வீட்டில் வைத்துத்தானே வளர்த்தேன், என்ன செய்து வளர்த்தேன் என்று யோசித்துப் பார்த்தேன். ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. வீட்டிலே கிடந்தான், வளர்ந்தான். அதை எப்படி ஒருத்திக்குச் சொல்லிக் கொடுப்பது?

6

லீலாவுக்குக் காது குத்தவில்லை. கோமதி தள்ளித் தள்ளிப் போட்டுவிட்டாள். போர்டிங்குக்குப் போவதற்கு முன் குத்திவிட வேண்டும் என்று சண்முகம்தான் ஒற்றைக்காலில் நின்றான். "தாய்மாமன் நான் ஒருத்தன் எதுக்கு இருக்கேன்? என் மடியிலே வச்சுக் காது குத்தாம எந்த மடத்துக்கும் என் மருமகளை அனுப்ப விடமாட்டேன்" என்றான்.

"அங்கே போனதும் கழற்றச் சொல்லுவாங்க. தூர்ந்துடும். எதுக்குத் தம்பி வீணா?" என்றாள் கோமதி.

"தூர்ந்தா தூரட்டும். என் உரிமை தூராது."

மாப்பிள்ளையும் சிரித்துக்கொண்டு, "குத்தட்டுமே" என்றார். நான் என் பாம்படத்தில் ஒன்றைச் செட்டியார் தெரு ஆசாரியிடம் கொடுத்து, உள்ளே இருக்கும் அரக்கை எடுத்துவிட்டுப் பொன்னை உருக்கிப் பிள்ளைக்கு வளையமும் கம்மலும் செய்யச் சொன்னேன். கோமதியின் கல்யாணத்துக்கு மெழுகு வைத்தாரே, அதே ஆசாரிதான். இப்போது பல் இல்லை, கை மட்டும் நடுங்கவில்லை.

ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் வைத்தோம். வெள்ளவத்தையிலிருந்து தங்கம் வந்திருந்தாள். யாழ்ப்பாணத்துப் பெண். கோமதியோடு அதே போர்டிங்கில் படித்தவள், அங்கே அவளுக்கு டெய்சி என்று பெயர். இன்றைக்கும் இரண்டு பேரும் ஒருத்தியை ஒருத்தி டெய்சி, கிரேஸ் என்றுதான் கூப்பிடுவார்கள். தங்கம் நல்ல வாயாடி. எப்போதும் கொண்டையைத் தாழ்த்திப் போட்டுக் காதை மறைத்திருப்பாள். அது ஏதோ புது மோஸ்தர் என்று நினைத்திருந்தேன்.

கூடத்தில் பாய் விரித்து, சண்முகம் பட்டு வேட்டியோடு சம்மணம் போட்டு உட்கார்ந்தான். லீலா அவன் மடியில் ஏறி உட்காரும் வரைக்கும் ஒரே சிரிப்பு. ஆசாரி மஞ்சளும் எண்ணெயும் எடுத்து வைத்து, ஊசியை விளக்கில் காட்டினார். அவ்வளவுதான். பிள்ளை இரண்டு காதையும் கையால் பொத்திக்கொண்டது. அழவில்லை. கத்தவில்லை.

நான் கோமதியைப் பார்த்தேன். அவள் பிள்ளையின் கையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

தங்கம்தான் சிரித்துக்கொண்டு சொன்னாள். "உரிச்சுப் படைச்ச தாய் மாதிரித்தான். கிரேஸும் உப்பிடித்தானே காதைப் பொத்துறவள்!"

"எப்பம்மா?" என்றேன்.

"வாயில தமிழ் வந்தா மேட்ரன் ஓடி வந்து காதைத்தான் பிடிப்பா. பிடிச்சு முறுக்கி, அப்பிடியே சாப்பாட்டு ஹோல் முழுக்க நடத்திக்கொண்டு போவா. உங்களுக்குத் தெரியாதோ? குச்சி கிடந்தா நோவு இன்னும் கூட. அதுதான் லீவு முடிஞ்சு ரயில் வெளிக்கிட்ட உடனை கிரேஸ் குச்சியை இழுத்து யன்னலால எறிஞ்சு போடுவாள். நாங்கள் ஆரிட குச்சி தூரப் போகுதெண்டு பந்தயம் பிடிக்கிறனாங்கள்!"

சொல்லிச் சிரித்தவள் என் முகத்தைப் பார்த்ததும் நிறுத்திவிட்டாள்.

ஒவ்வொரு லீவுக்கும் நான் நறுக்கித் தேய்த்துப் போட்ட குச்சி. சிஸ்டர்கள் பிடுங்கிவிட்டார்கள் என்று நான் திட்டித் தீர்த்த குச்சி. என் கையிலிருந்த எண்ணெய்க் கிண்ணத்தைக் கீழே வைத்துவிட்டேன்.

"பழசெல்லாம் எதுக்கு டெய்சி" என்றாள் கோமதி. அப்புறம் என் பக்கம் திரும்பினாள். "அம்மா, உங்க மேலே கோபமில்லை."

"வலிக்குதுன்னு ஒரு வார்த்தை என்கிட்ட சொல்லப்படாதா? நான் போட்டிருக்க மாட்டேனே!"

"அதுக்குத்தான் சொல்லலை" என்றாள். "நீங்க என் தலையை மடியிலே சாய்ச்சு வச்சுத்தானே போடுவீங்க. விரல்ல தேங்காயெண்ணெய் வாசம் வரும். சொன்னா நிப்பாட்டிடுவீங்க."

ஆசாரி ஊசியைக் கையில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்தார். லீலா காதிலிருந்து கையை எடுக்காமலே கேட்டாள்.

"மம்மி, அங்கே என் காதையும் பிடிப்பாங்களா?"

பொய் சொல்லக் கோமதிக்குத் தெரியாது. தன் காதைத் தொட்டுப் பார்த்துக்கொண்டு, "ஆசாரி ஐயா, இதை இனிமே குத்த முடியுமா?" என்றாள்.

அவர் எழும்பி வந்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். கோமதி அசையாமல் நின்றாள், கண்ணை மட்டும் இறுக்கிக்கொண்டிருந்தாள். "தூர்ந்துதான் போச்சு தாயி. ஆனா இடம் தெரியுது. பிள்ளைக்கு வலிக்கிறதவிட உனக்குக் கூட வலிக்கும், பாத்துக்கோ."

"பரவாயில்லை. முதல்ல எனக்கு."

சண்முகம் பதறிவிட்டான். "யக்கா, நீ என் மடியிலே உக்காந்தா நான் நாளைக்குக் கிட்டங்கிக்கு நொண்டிக்கிட்டுத்தான் போகணும்!"

"மடி வேணாம்டா. தோளைக் குடு."

அவன் பக்கத்தில் உட்கார்ந்து அவன் தோளில் சாய்ந்துகொண்டாள். லீலா எதிரே வந்து நின்று வேடிக்கை பார்த்தது. முதல் காதுக்குக் கோமதி உதட்டைக் கடித்துக்கொண்டாள். இரண்டாவது காதுக்கு, "எம்மா!" என்று ஒரு கத்துக் கத்தினாள் பாருங்கள், நாங்கள் எல்லாரும் ஆடிப்போய்விட்டோம். அவள் சத்தம் போட்டு நான் கேட்டதே அன்றைக்குத்தான். பக்கத்து வீட்டுச் சிங்களத்து அம்மா வேலிக்கு மேல் எட்டி, "மொகத? மொகத?" என்று என்ன ஏது என்று கேட்டார். கோமதிக்குக் கண்ணீரும் வந்தது, சிரிப்பும் வந்தது. நான் என்ன செய்தேன் என்று நினைவில்லை. அவள் தலை என் மடியில் இருந்தது, அது மட்டும் நினைவிருக்கிறது. லீலாவுக்கும் குத்தினோம். அது வீறிட்டு அழுதது. கோமதி இரண்டு நிமிஷம் பக்கத்தில் நின்றாள், பழக்கம். அப்புறம் குனிந்து தூக்கிக்கொண்டாள். எப்படித் தூக்குவது என்று தெரியாமல் அரிசி மூட்டையைத் தூக்குகிற மாதிரித்தான் தூக்கினாள். பிள்ளைக்கு அதுவே போதுமாக இருந்தது.

7

குத்திய காதைத் தினமும் எண்ணெய் தொட்டு, வளையத்தைத் திருப்பிவிட வேண்டும். இல்லாவிட்டால் ஒட்டிக்கொள்ளும். தாய்க்கு மகளும் மகளுக்குத் தாயும் காலையில் திருப்பிவிடுவார்கள். "ஆவ், மம்மி, மெல்ல!" என்று ஒரு சத்தம், "நீ மட்டும் மெல்லவா திருப்பினே?" என்று ஒரு சத்தம். நான் அடுக்களையிலிருந்து கேட்டுக்கொண்டிருப்பேன்.

பள்ளி திறக்கும் நாள் நெருங்கியது. மாப்பிள்ளை ரயில் டிக்கெட் பற்றிக் கேட்டார்.

"காது ஆறட்டும்" என்றாள் கோமதி.

அடுத்த வாரமும் கேட்டார். "இன்னும் ஆறலை." அதற்கடுத்த வாரம் அவர் என்னைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டிவிட்டு, "அத்தை, இந்தக் காது எப்போதான் ஆறும்?" என்று கேட்டார். "அது ஆறாது மாப்பிள்ளை" என்றேன். அவரிடம் நான் பேசிய முதல் பரிகாசம் அதுதான். தகரப் பெட்டியில் இப்போது அப்பளமும் வடகமும் இருக்கின்றன. எறும்பு ஏறுவதில்லை.

லீலாவைக் கொட்டாஞ்சேனையிலேயே, நடந்து போகிற தூரத்தில் ஒரு பள்ளியில் சேர்த்தோம். இங்கிலீஷும் உண்டு, தமிழும் உண்டு. பகல் சாப்பாட்டுக்குப் பிறகு விட்டுவிடுவார்கள். முதல் நாள் கோமதி மத்தியானத்திலிருந்தே வாசலுக்கும் அடுக்களைக்குமாக நடந்தாள். கடைசியில் என்னிடம் வந்து, பரீட்சைக்குப் போகிறவள் மாதிரிக் கேட்டாள்.

"அம்மா, பிள்ளை ஸ்கூல்ல இருந்து வந்ததும் என்ன செய்யணும்?"

"ஒண்ணும் செய்யாண்டாம்ட்டி. வாசல்ல நில்லு. வந்தா என்ன சாப்பிட்டேன்னு கேளு."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

லீலா தெருமுனையில் வரும்போதே பேச ஆரம்பித்துவிட்டாள். கோமதி என்ன சாப்பிட்டாய் என்று கேட்க இடமே கிடைக்கவில்லை. பையைக்கூட வாங்காமல், வெயிலில் நின்று, அந்தப் பிள்ளை சொன்னதை எல்லாம் கேட்டுக்கொண்டிருந்தாள். உள்ளே வரச் சொல்ல வேண்டும் என்று அவளுக்குத் தோன்றவில்லை. நானும் சொல்லவில்லை.

எல்லாம் மாறிவிட்டது என்று எழுதினால் பொய். மணி இன்னும் இருக்கிறது, ஆனால் லீலாதான் அடிக்கிறாள், சில நாள் சோறு வேகும் முன்பே அடித்துவிடுகிறாள். கோமதி இன்னும், "வெளியே போகட்டுமா?" என்று கேட்கிறாள். "போயிட்டு வாங்க மம்மி" என்று லீலா உத்தரவு கொடுக்கிறது. போன வாரம் கூப்பன் கடைக்குப் போனபோது கோமதி என்னைப் பார்த்து, "அம்மா, ஏன் முந்தானையை இழுத்து மூடிக்கிட்டு வாறீங்க, வெயில்தான் இல்லையே?" என்று கேட்டாள். பழக்கம் என்றேன். அவள் கையை நீட்டி என் முந்தானையை இறக்கிவிட்டாள். ட்ராமில் பார்த்தார்கள். பார்த்துவிட்டுப் போகட்டும்.

ஆறுமுகம், இதை அச்சுக்குக் கொடுப்பதற்கு முன் நீ ஒரு காரியம் செய்ய வேண்டும். பிழைகளைத் திருத்திவிடு, அது உனக்குத் தெரியும். நான் கேட்பது வேறு. பெண் பிள்ளைக்கு முதலில் எந்தக் காதைக் குத்த வேண்டும்? ஆசாரி இடது என்றார், அப்படித்தான் குத்தினார். தங்கம் அன்றைக்கே வலது என்று சண்டை பிடித்தாள். நான் எத்தனையோ காதுகுத்துக்குப் போனவள், எனக்குச் சுத்தமாக மறந்துவிட்டது. நம் ஊரில் விசேஷம் செய்து பழகிய யாரிடமாவது நன்றாக விசாரித்து உடனே எழுது. வருகிற மாதம் தங்கம் தன் இரண்டு பெண்களையும் கூட்டிக்கொண்டு இங்கே வருகிறாள். அவர்களுக்குக் குத்திய பிறகு, கொண்டையை மேலே தூக்கிக் கட்டிக்கொண்டு, அதே பாயில் தானும் உட்காரப் போகிறாளாம். அவளுக்காவது முறைப்படி செய்ய வேண்டும்.